ஒரே தேதி, பல ஆண்டுகள்: ஜனவரி 26-இன் கதை

உங்கள் வீட்டில் தாள் கிழிக்கும் காலண்டர் இருக்கிறதா? இருந்தால் அதில் ஜனவரி 26-ஆம் தேதித் தாளைப் பாருங்கள். அந்தத் தேதி சிவப்பு மையில் அச்சாகி இருக்கும். சிவப்பு என்றால் விடுமுறை நாள். 'குடியரசு தினம்' என்றும் போட்டிருப்பார்கள்.

அன்று பள்ளிக்கூடத்தில் கொடி ஏற்றுவார்கள். பிள்ளைகளுக்கு மிட்டாய் கொடுப்பார்கள். தில்லியில் நடக்கும் அணிவகுப்பைத் தொலைக்காட்சியில் காட்டுவார்கள். இவை எல்லாம் நமக்குத் தெரியும்.

ஆனால் ஏன் ஜனவரி 26? ஏன் 25 இல்லை? ஏன் 27 இல்லை? இந்தத் தேதியை யார் குறித்தார்கள்? இதே தேதியில் வேறு ஆண்டுகளில் என்னென்ன நடந்தது? இந்தப் பாடத்தில் படிப்போம்.

1. முதலில் தேதியைப் படிப்போம்

இதைப் படியுங்கள்:

26.1.1950

இதில் மூன்று எண்கள் இருக்கின்றன. முதல் எண் நாள். இரண்டாவது எண் மாதம். மூன்றாவது எண் ஆண்டு. ஜனவரி முதல் மாதம். அதனால் 1 என்று எழுதுகிறோம்.

நாளும் மாதமும் ஒவ்வோர் ஆண்டும் திரும்பி வரும். ஆண்டு மட்டும் திரும்பி வராது. 26.1 என்பது அடுத்த ஆண்டும் வரும். 1950 இனி வராது. அதனால்தான் ஒரே நாளுக்குப் பல கதைகள் சேர்ந்துவிடுகின்றன.

எங்கள் மையத்தில் ஓர் அக்கா கேட்டார்: "தேதியில் என்ன இருக்கு தம்பி? எல்லா நாளும் ஒன்றுதான். வேலைக்குப் போனால்தான் சோறு."

நியாயமான கேள்விதான். அதற்கு அங்கே இருந்த இன்னோர் அக்காவே பதில் சொன்னார்: "தேதி போடாமல் கடன் பத்திரத்தில் கைநாட்டு வைத்துப் பார். அப்போது தெரியும்."

எல்லோரும் சிரித்தார்கள். ஆனால் அது உண்மை. என்று வாங்கினோம், என்று கொடுத்தோம், என்று சொன்னார்கள் என்பதைத் தேதிதான் சொல்லும். ஒருவர் கொடுத்த வாக்கைப் பின்னால் எடுத்துக் காட்ட தேதி வேண்டும். வீட்டுக்கு எப்படியோ, நாட்டுக்கும் அப்படித்தான்.

2. 26.1.1930: மக்கள் உறுதிமொழி எடுத்த நாள்

அப்போது நம் நாட்டை ஆங்கிலேயர் ஆண்டார்கள். 1929 டிசம்பர் மாதம் லாகூர் நகரில் காங்கிரஸ் மாநாடு கூடியது. லாகூர் இன்று பாகிஸ்தானில் இருக்கிறது. மாநாட்டுக்குத் தலைவர் ஜவகர்லால் நேரு. அவருக்கு அப்போது வயது 40.

அதுவரை தலைவர்களில் பலர் ஒரு கோரிக்கை வைத்து வந்தார்கள். ஆங்கிலேய மன்னரே மேலே இருக்கட்டும், அவருக்குக் கீழே நம்மை நாமே ஆண்டுகொள்கிறோம் என்பது அந்தக் கோரிக்கை. லாகூரில் அதைக் கைவிட்டார்கள். இனி வேண்டியது முழுச் சுதந்திரம் என்று தீர்மானம் போட்டார்கள். டிசம்பர் 31 நள்ளிரவில் ராவி ஆற்றங்கரையில் நேரு மூவர்ணக் கொடியை ஏற்றினார்.

தீர்மானம் தலைவர்களோடு நின்றுவிடக் கூடாது. நாட்டு மக்கள் எல்லோரும் அதைச் சொல்ல வேண்டும். அதற்கு ஒரு நாள் வேண்டும். 1930 ஜனவரி 2-ஆம் தேதி காங்கிரஸ் செயற்குழு கூடியது. ஜனவரி மாதத்தின் கடைசி ஞாயிற்றுக்கிழமையைக் குறித்தது. அந்த ஆண்டில் அது 26-ஆம் தேதி.

ஆம், அது ஒரு ஞாயிற்றுக்கிழமை. அவ்வளவுதான். நட்சத்திரம் பார்க்கவில்லை. பஞ்சாங்கம் பார்க்கவில்லை. அந்தத் தேதிக்கு அதுவரை எந்தச் சிறப்பும் இல்லை. மக்கள் கூடியதால்தான் அதற்குச் சிறப்பு வந்தது.

அன்று ஊர் ஊராக மக்கள் கூடினார்கள். அந்தந்த வட்டார மொழியில் உறுதிமொழி வாசிக்கப்பட்டது. அன்று பெரும்பாலான மக்களுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஒருவர் வாசித்தார். மற்றவர்கள் கேட்டார்கள். கை தூக்கி ஏற்றுக்கொண்டார்கள்.

அதன் பிறகு ஒவ்வோர் ஆண்டும் ஜனவரி 26-ஐச் சுதந்திர நாள் என்று கொண்டாடினார்கள். நாடு இன்னும் சுதந்திரம் அடையவில்லை. ஆனாலும் கொண்டாடினார்கள். கொடி ஏற்றியதற்காகப் பலர் அடி வாங்கினார்கள். சிறைக்கும் போனார்கள். 1947 வரை இப்படியே நடந்தது.

3. 26.1.1950: காத்திருந்து பிடித்த நாள்

சுதந்திரம் வந்தது 15.8.1947-இல். இந்த ஆகஸ்ட் 15 என்ற தேதியைக் குறித்தவர் யார் தெரியுமா? ஆங்கிலேய அரசின் கடைசி வைசிராய் மவுண்ட்பேட்டன். இரண்டாம் உலகப் போரில் ஜப்பான் சரணடைந்ததை அறிவித்தது 15.8.1945-இல். அது நடந்து இரண்டு ஆண்டு நிறையும் நாளை அவர் தேர்ந்தெடுத்தார்.

அப்படியானால் நம் மக்கள் குறித்த ஜனவரி 26 என்ன ஆனது? மறந்துவிட்டார்களா? மறக்கவில்லை.

சுதந்திரம் வந்தபோதும் நம் நாட்டுக்குச் சொந்தமாக அரசியல் சட்டம் இல்லை. இங்கிலாந்து மன்னர் ஆறாம் ஜார்ஜ்தான் பெயரளவில் தலைவராக இருந்தார். நமக்கென்று சட்டம் எழுத அரசியல் நிர்ணய சபை இருந்தது. அது முதலில் கூடியது 9.12.1946-இல். சட்டத்தின் வரைவை எழுதும் குழுவுக்கு டாக்டர் அம்பேத்கர் தலைவர். அந்தச் சபை ஏறக்குறைய மூன்று ஆண்டுகள் உழைத்தது. ஒவ்வொரு பிரிவையும் எடுத்து வாதாடினார்கள்.

26.11.1949 அன்று சபை சட்டத்தை ஏற்றுக்கொண்டது. அதில் 395 பிரிவுகள் இருந்தன. வேலை முடிந்துவிட்டது. சில பிரிவுகள் அன்றே நடைமுறைக்கு வந்தன. ஆனால் முழுச் சட்டத்துக்கும் வேறு நாள் குறித்தார்கள். இரண்டு மாதம் காத்திருந்தார்கள். எதற்காக? ஜனவரி 26-க்காக.

இருபது ஆண்டுகளுக்கு முன்பு எந்த நாளில் மக்கள் உறுதிமொழி எடுத்தார்களோ, அதே நாளில் அவர்களுடைய சட்டம் நடைமுறைக்கு வர வேண்டும் என்று நினைத்தார்கள்.

அந்தச் சட்டத்தின் மூலப் பிரதி அச்சில் வந்தது அல்ல. கையால் எழுதியது. பிரேம் பிகாரி நாராயண் ராய்சாதா என்பவர் அழகிய கையெழுத்தில் ஆங்கிலத்தில் எழுதினார். சாந்திநிகேதன் ஓவியர் நந்தலால் போசும் அவருடைய மாணவர்களும் பக்கங்களில் படம் வரைந்தார்கள். 24.1.1950 அன்று சபை உறுப்பினர்கள் அதில் கையெழுத்துப் போட்டார்கள்.

இரண்டு நாள் கழித்து, 26.1.1950, வியாழக்கிழமை. காலை 10 மணி 18 நிமிடம். தில்லியில் ராஜாஜி அறிவிப்பைப் படித்தார். இந்தியா குடியரசு ஆனது. ராஜாஜி அப்போது நாட்டின் கவர்னர் ஜெனரல். அந்தப் பதவியில் இருந்த கடைசி ஆள் அவர்தான். சில நிமிடங்களில் ராஜேந்திர பிரசாத் முதல் குடியரசுத் தலைவராகப் பதவி ஏற்றார். 31 பீரங்கிக் குண்டுகள் முழங்கின.

குடியரசு என்றால் என்ன? குடி என்றால் மக்கள். நாட்டின் தலைவர் பிறப்பால் வருவதில்லை. தேர்ந்தெடுக்கப்பட்டு வருகிறார். ராஜா இல்லை. ராணி இல்லை. சட்டத்தின் முன் எல்லோரும் சமம். தீண்டாமை ஒழிக்கப்பட்டது என்று சட்டத்தின் 17-ஆம் பிரிவு சொல்கிறது.

4. எழுத்துத் தெரியாதவருக்கும் ஓட்டு

ஆங்கிலேயர் காலத்தில் எல்லோருக்கும் ஓட்டு இல்லை. சொத்து இருக்கிறதா, வரி கட்டுகிறாரா, படித்தவரா என்று பார்த்துத்தான் ஓட்டுரிமை கொடுத்தார்கள். புதிய சட்டம் அதை மாற்றியது. 21 வயது நிறைந்த எல்லோருக்கும் ஓட்டு. ஆணுக்கும் ஓட்டு, பெண்ணுக்கும் ஓட்டு. பணக்காரருக்கும் ஒரே ஓட்டு, கூலிக்காரருக்கும் ஒரே ஓட்டு. 1989 முதல் 18 வயது நிறைந்தாலே ஓட்டுப் போடலாம்.

1951 கணக்குப்படி 100 பேரில் 18 பேருக்குத்தான் எழுதப் படிக்கத் தெரியும். பெண்களில் 100 பேருக்கு 9 பேர். இப்படிப்பட்ட நாட்டில் எல்லோருக்கும் ஓட்டு எதற்கு என்று கேட்டவர்கள் இருந்தார்கள். எழுத்துத் தெரியாதவருக்கும் நல்லது கெட்டது தெரியும் என்று சட்டம் நம்பியது.

முதல் பொதுத் தேர்தல் 1951 அக்டோபர் முதல் 1952 பிப்ரவரி வரை நடந்தது. ஒவ்வொரு வேட்பாளருக்கும் தனித்தனிப் பெட்டி வைத்தார்கள். பெட்டியில் அவருடைய சின்னம் இருந்தது. படத்தைப் பார்த்து மக்கள் சீட்டைப் போட்டார்கள்.

ஆனால் ஒரு சிக்கல் வந்தது. வாக்காளர் பட்டியல் எழுதப் போனவர்கள் வீடு வீடாகப் பெயர் கேட்டார்கள். பல பெண்கள் தங்கள் பெயரைச் சொல்லவில்லை. 'இன்னாருடைய மனைவி', 'இன்னாருடைய மகள்' என்றே சொன்னார்கள். வட மாநிலங்களில் இது அதிகம். அந்நிய ஆணிடம் பெயர் சொல்வது வழக்கம் இல்லை என்றார்கள். பெயர் இல்லாமல் பட்டியலில் சேர்க்க முடியாது என்று தேர்தல் ஆணையம் முடிவு செய்தது. ஏறக்குறைய 28 லட்சம் பெண்கள் பட்டியலில் இல்லாமல் போனார்கள்.

சட்டம் அவர்களுக்கு ஓட்டுக் கொடுத்தது. ஆனால் அவர்கள் பெயர் தாளில் ஏறவில்லை. அதனால் அந்த ஓட்டு அவர்கள் கைக்கு வரவில்லை.

இன்று உங்கள் பெயர் வாக்காளர் பட்டியலில் இருக்கிறதா? சரியாக எழுதப்பட்டிருக்கிறதா? இப்போது அதை நீங்களே படித்துப் பார்க்கலாம். தேர்தல் ஆணையம் அமைந்தது 25.1.1950-இல். குடியரசுக்கு முதல் நாள். அதனால் 2011 முதல் ஜனவரி 25-ஐத் தேசிய வாக்காளர் தினம் என்று கடைப்பிடிக்கிறார்கள்.

5. 26.1.1960: வந்து போன ஒரு கெடு

இனி ஒரு கணக்கு. 1950-உடன் 10-ஐக் கூட்டுங்கள். 1960 வருகிறது.

26.1.1960 அன்று என்ன நடந்தது? வழக்கம்போல் கொடி ஏற்றினார்கள். அணிவகுப்பு நடந்தது. ஆனால் நடக்க வேண்டிய ஒன்று நடக்கவில்லை.

அரசியல் சட்டத்தில் அப்போது இருந்த 45-ஆம் பிரிவு ஒரு பொறுப்பைச் சொன்னது. 14 வயது முடியும் வரை எல்லாக் குழந்தைகளுக்கும் இலவசக் கட்டாயக் கல்வி கொடுக்க அரசு முயல வேண்டும் என்றது. எத்தனை நாளில்? சட்டம் நடைமுறைக்கு வந்ததிலிருந்து பத்து ஆண்டுக்குள். அதாவது 26.1.1960-க்குள்.

கெடு வந்தது. போனது. 1961 கணக்கெடுப்பில் 100 பேரில் 28 பேருக்குத்தான் எழுதப் படிக்கத் தெரியும். பல ஊர்களில் பள்ளிக்கூடம் இல்லை. பள்ளிக்கூடம் இருந்த ஊரிலும் பல பிள்ளைகள் ஆடு மேய்த்தார்கள். தம்பி தங்கைகளைப் பார்த்துக்கொண்டார்கள். வயலுக்குப் போனார்கள். தீப்பெட்டி ஒட்டினார்கள்.

இந்தப் புத்தகத்தைப் படிக்கும் நீங்கள் எந்த ஆண்டு பிறந்தீர்கள்? 1960-க்குப் பிறகா? அப்படியானால் நீங்கள் பிறக்கும் முன்பே உங்கள் படிப்புக்கு நாடு நாள் குறித்திருந்தது. நீங்கள் சிறுவயதில் படிக்காமல் போனதற்கு 'எனக்கு விதி இல்லை', 'எனக்கு மூளை இல்லை' என்று சொல்லிக்கொள்ள வேண்டாம். உங்களுக்குச் சேர வேண்டியது உங்களிடம் வந்து சேரவில்லை.

பிறகு என்ன நடந்தது? 2002-இல் அரசியல் சட்டத்தைத் திருத்தினார்கள். 6 வயது முதல் 14 வயது வரை கல்வி என்பது குழந்தைகளின் அடிப்படை உரிமை ஆனது. அதற்கான சட்டம் 2009-இல் வந்தது. 1.4.2010 முதல் நடைமுறைக்கு வந்தது. முதல் கெடுவிலிருந்து 50 ஆண்டு தாமதம். உங்கள் பிள்ளையைப் பக்கத்துப் பள்ளிக்கூடத்தில் சேர்க்கப் போனால், அது நீங்கள் கேட்கும் உதவி இல்லை. உங்கள் பிள்ளையின் உரிமை.

இதே நாளிலிருந்து கணக்கிட்ட இன்னொரு கெடுவும் இருந்தது. ஆட்சி மொழியாக இந்தி இருக்கும், ஆங்கிலமும் 15 ஆண்டு தொடரும் என்று சட்டம் சொன்னது. 1950-உடன் 15-ஐக் கூட்டுங்கள். 26.1.1965. அந்த நாள் நெருங்கியபோது இந்தி பேசாத மாநிலங்களில் கவலை எழுந்தது. ஆங்கிலம் தொடரலாம் என்று 1963-இல் ஒரு சட்டம் வந்தது. அதில் உறுதி போதாது என்று பலர் கருதினார்கள். இன்றைய தமிழ்நாடு அப்போது சென்னை மாநிலம். அங்கே மாணவர்கள் பெரிய போராட்டம் நடத்தினார்கள். அந்தக் குடியரசு தினத்தில் பலர் கறுப்புக் கொடி ஏற்றினார்கள். போராட்டத்தில் உயிர்கள் போயின. பிறகு 1967-இல் சட்டத்தைத் திருத்தி, ஆங்கிலம் தொடரும் என்று உறுதி கொடுத்தார்கள்.

இரண்டு கெடுவும் ஒரே தேதியில் தொடங்கியவை. ஒன்று வந்தபோது ஊரே எழுந்தது. மற்றொன்று வந்தபோது பெரும்பாலோர் கவனிக்கவே இல்லை. எழுதப் படிக்கத் தெரியாதவர்களுக்கு அப்படி ஒரு கெடு இருந்ததே தெரியாது. தங்களுக்கு நாள் குறித்திருக்கிறது என்று தெரிந்தால்தானே கேட்க முடியும்?

6. 26.1.2001: யாரும் குறிக்காத நாள்

இதுவரை பார்த்த நாட்களை மனிதர்கள் குறித்தார்கள். இப்போது யாரும் குறிக்காமல் வந்த ஒன்றைப் பார்ப்போம்.

குஜராத் மாநிலத்தில் கட்ச் என்ற பெரிய மாவட்டம் இருக்கிறது. நாட்டின் மேற்கு ஓரம். அங்கே 26.1.2001, வெள்ளிக்கிழமை, காலை 8 மணி 46 நிமிடத்துக்குப் பூமி அதிர்ந்தது. பெரிய பூகம்பம். அதன் அளவு 7.7 என்று கணக்கிட்டார்கள். புஜ், அஞ்சார், பச்சாவ், ராபர் ஆகிய ஊர்கள் இடிந்தன. வெகு தொலைவில் உள்ள அகமதாபாத்திலும் அடுக்குமாடிக் கட்டடங்கள் விழுந்தன. சுமார் 20,000 பேர் இறந்தார்கள்.

அஞ்சார் ஊரில் குடியரசு தின ஊர்வலம். பள்ளிப் பிள்ளைகள் கையில் கொடியோடு பழைய ஊரின் குறுகிய தெரு வழியே போய்க்கொண்டிருந்தார்கள். இரண்டு பக்கமும் இருந்த கட்டடங்கள் அவர்கள்மேல் விழுந்தன. 185 பிள்ளைகளும் 20 ஆசிரியர்களும் இறந்தார்கள்.

கட்ச் பகுதியில் பல பள்ளிக் கட்டடங்களும் இடிந்தன. ஆனால் அன்று விடுமுறை. வகுப்பறைகளில் பிள்ளைகள் இல்லை. அதனால் பல உயிர்கள் தப்பின. ஒரே விழா நாள் சில பிள்ளைகளைக் காப்பாற்றியது. சில பிள்ளைகளைப் பறித்தது. இதற்கு நாளைக் குறை சொல்ல முடியுமா? முடியாது. பூமிக்குக் காலண்டர் தெரியாது.

அப்படியானால் எதைக் குறை சொல்வது? பூகம்பத்தில் இறந்தவர்களில் பெரும்பாலோர் கட்டடம் விழுந்துதான் இறந்தார்கள். பூமி ஆடும்போது பலமில்லாத வீட்டின் சுவர்கள் தனித்தனியே பிரியும். கூரை உள்ளே விழும். இதைத் தடுக்க வழி இருக்கிறது. கதவு, ஜன்னல் உயரத்துக்கு மேலே, நான்கு சுவரையும் சுற்றி ஒரே கான்கிரீட் பட்டை போட வேண்டும். உள்ளே கம்பி வைக்க வேண்டும். பெட்டிக்குக் கயிறு கட்டியதுபோல் அந்தப் பட்டை சுவர்களைச் சேர்த்துப் பிடிக்கும். பூகம்பத்துக்குப் பிறகு கட்ச் பகுதியில் இந்த முறையில் வீடுகள் கட்டினார்கள். கொத்தனார்களுக்குப் பயிற்சி கொடுத்தார்கள்.

அங்கே பழைய காலத்து வட்ட வடிவ மண் வீடுகளும் உண்டு. புங்கா என்று பெயர். நன்றாகக் கட்டிய புங்கா வீடுகள் பல அந்தப் பூகம்பத்தில் விழாமல் நின்றன. வட்டச் சுவருக்கு மூலை இல்லை. அதனால் அதிர்வைத் தாங்கும் பலம் அதற்கு அதிகம்.

பேரிடர் வந்த பிறகு ஓடுவதைவிட, வருமுன் தயாராக இருக்க வேண்டும் என்று நாடு பாடம் கற்றது. 2005-இல் பேரிடர் மேலாண்மைச் சட்டம் வந்தது. அஞ்சாரில் இறந்த பிள்ளைகளுக்கு நினைவிடம் கட்டினார்கள். அது 2022 ஆகஸ்டில் திறக்கப்பட்டது.

7. ஒருவருக்கு விழா, ஒருவருக்குத் துக்கம்

நாடெங்கும் குடியரசு தினம் விழா நாள். அஞ்சாரில் அது நினைவு நாளும்கூட. வேறொரு நாட்டிலும் ஜனவரி 26-க்கு இப்படி இரண்டு முகம் உண்டு. அந்த நாடு ஆஸ்திரேலியா.

26.1.1788 அன்று ஆர்தர் பிலிப் என்ற ஆங்கிலேயத் தளபதி இன்றைய சிட்னி நகரம் இருக்கும் இடத்தில் இறங்கினார். 11 கப்பல்கள் அவரோடு வந்தன. அவற்றில் கைதிகளைக் கொண்டுவந்தார்கள். கரையில் ஆங்கிலேயக் கொடியை ஏற்றினார்கள். இன்று அந்த நாளை ஆஸ்திரேலிய தினம் என்று கொண்டாடுகிறார்கள். அரசு விடுமுறையும் உண்டு.

ஆனால் அந்த மண்ணில் பல்லாயிரம் ஆண்டுகளாக வாழ்ந்த ஆதிக்குடி மக்கள் இருந்தார்கள். அவர்களைக் கேட்டுக் கொடி ஏற்றவில்லை. அவர்கள் நிலத்தை இழந்தார்கள். நோயிலும் சண்டையிலும் ஏராளமானோர் இறந்தார்கள். 150 ஆண்டு கழித்து, 26.1.1938 அன்று, சிட்னியில் பெரிய விழா நடந்தது. அதே நாளில் அதே நகரில் ஆதிக்குடி மக்கள் ஒரு கூட்டம் கூட்டினார்கள். அதற்குத் துக்க நாள் என்று பெயர் வைத்தார்கள். தங்களுக்குச் சம உரிமை வேண்டும் என்று கேட்டார்கள். அந்தத் தேதியில் விழா வேண்டுமா என்ற விவாதம் அங்கே இன்றும் நடக்கிறது.

அந்த 1938-இல் நம் நாட்டிலும் ஜனவரி 26-ஐக் கொண்டாடினார்கள். அங்கே ஆங்கிலேயக் கொடி ஏறிய நாள். இங்கே அந்தக் கொடி இறங்க வேண்டும் என்று மக்கள் உறுதி எடுத்த நாள். தேதி ஒன்றுதான். இரண்டு இடத்திலும் ஆண்டவர்கள் ஒருவர்தான். நினைவுகள் மட்டும் வேறு வேறு.

ஆகவே ஒரு தேதியைக் கேட்டால் இரண்டு கேள்வி கேளுங்கள். அன்று என்ன நடந்தது? அது யாருக்கு நடந்தது?

8. சேர்த்துப் பார்ப்போம்

26.1.1788: ஆஸ்திரேலியாவில் ஆங்கிலேயர் கொடி ஏற்றினார்கள்.
26.1.1930: முழுச் சுதந்திரம் வேண்டும் என்று இந்திய மக்கள் உறுதி எடுத்தார்கள்.
26.1.1938: ஆஸ்திரேலிய ஆதிக்குடி மக்கள் துக்க நாள் கூட்டம் நடத்தினார்கள்.
26.1.1950: இந்தியா குடியரசு ஆனது.
26.1.1960: எல்லாக் குழந்தைகளுக்கும் கல்வி என்ற கெடு முடிந்தது.
26.1.1965: ஆட்சி மொழி பற்றிய கெடு முடிந்தது.
26.1.2001: கட்ச் பகுதியில் பூகம்பம் வந்தது.

வருகிற ஜனவரி 26-இல் உங்கள் ஊர்ப் பள்ளிக்கூடத்துக்குப் போங்கள். கொடி ஏற்றும்போது நில்லுங்கள். பக்கத்தில் நிற்கும் பிள்ளையிடம் 'ஏன் இந்தத் தேதி?' என்று கேளுங்கள். தெரியவில்லை என்றால் நீங்கள் சொல்லிக் கொடுங்கள்.

புதிய சொற்கள்

குடியரசு: மன்னர் இல்லாமல், மக்கள் தேர்ந்தெடுப்பவர்கள் ஆளும் நாடு.
அரசியல் சட்டம்: நாடு எப்படி நடக்க வேண்டும், மக்களின் உரிமை என்ன என்று சொல்லும் தலைமைச் சட்டம்.
உறுதிமொழி: செய்வேன் என்று பலர் அறியச் சொல்லும் சொல்.
கெடு: ஒரு வேலையை முடிக்கக் குறித்த கடைசி நாள்.
பேரிடர்: பூகம்பம், புயல், வெள்ளம் போன்ற பெரிய ஆபத்து.

பேசிப் பார்ப்போம்

1. அரசியல் சட்டம் தயாரான பிறகும் ஏன் இரண்டு மாதம் காத்திருந்தார்கள்?
2. முதல் தேர்தலில் 28 லட்சம் பெண்கள் பட்டியலில் ஏன் சேரவில்லை? இன்று உங்கள் தெருவில் பட்டியலில் இல்லாதவர்கள் இருக்கிறார்களா?
3. 1960-இல் முடிந்த கெடுவைப் பற்றி அன்று மக்களுக்குத் தெரிந்திருந்தால் என்ன செய்திருப்பார்கள்?
4. உங்கள் ஊரில் புயல், வெள்ளம், தீ விபத்து நடந்த நாள் எது? அதிலிருந்து ஊர் என்ன கற்றது?

கணக்குப் போடுவோம்

1. உறுதிமொழி எடுத்தது 1930. குடியரசு ஆனது 1950. இடையில் எத்தனை ஆண்டு?
2. 26.11.1949 முதல் 26.1.1950 வரை எத்தனை நாள்? (நவம்பருக்கு 30 நாள். டிசம்பருக்கு 31 நாள்.)
3. கல்விக்கான முதல் கெடு 1960. உங்கள் பிறந்த ஆண்டு எது? இரண்டுக்கும் இடையில் எத்தனை ஆண்டு?

எழுதிப் பார்ப்போம்

1. இன்றைய தேதியை நாள், மாதம், ஆண்டு என்று எழுதுங்கள்.
2. உங்கள் முழுப் பெயரை எழுதுங்கள். வாக்காளர் அட்டையில் இருக்கும் பெயரோடு ஒப்பிட்டுப் பாருங்கள். எழுத்து மாறி இருந்தால் திருத்த மனுக் கொடுக்கலாம்.
3. வீட்டில் உள்ள ஒவ்வொருவரின் பிறந்த தேதியையும் ஒரு தாளில் எழுதுங்கள். தேதி தெரியாத பெரியவர்களிடம் கேளுங்கள். 'பெரிய புயல் அடித்த வருஷம்', 'தை அறுப்பு நேரம்' என்று அவர்கள் சொல்வதையும் அப்படியே எழுதுங்கள். அந்தத் தாளைப் பத்திரமாக வையுங்கள். உங்கள் குடும்பத்தின் வரலாறு அதிலிருந்து தொடங்கும்.